வில்லி சட்டன் வழக்கு: கிளை திறக்கும் நேரமும் ஒரு கார் பேட்டரியும்

1952 பிப்ரவரி 18. நியூயார்க்கின் புரூக்ளின் பகுதி, போலீஸ் ஸ்டேஷனிலிருந்து கூப்பிடு தூரம். ஐம்பது வயதுக்காரர் ஒருவர் பேட்டரி செத்துப்போன காரோடு மல்லுக்கட்டிக்கொண்டிருந்தார். ரோந்துக் காவலர்கள் இரண்டு பேர் வந்து வண்டிக் காகிதம் கேட்டார்கள். சார்லஸ் கோர்டன் என்ற பெயரில் எல்லாம் ஒழுங்காக இருந்தது. பார்த்துவிட்டுத் திருப்பிக் கொடுத்துப் போய்விட்டார்கள். ஸ்டேஷனில் ஒரு துப்பறியும் அதிகாரியிடம் சொன்னார்கள், அவருக்குப் பொறி தட்டியது. மூன்று பேரும் திரும்பி வந்து பார்த்தபோதும் அந்த ஆள் அதே பேட்டரியோடுதான் நின்றுகொண்டிருந்தார். எதிர்ப்பு எதுவும் இல்லை, கூடவே போனார். ஐந்து வருஷமாகத் தேடப்பட்ட வில்லி சட்டன் அவர்தான்.

அமெரிக்கக் கொள்ளைக்காரன் ஒருவனின் எழுபது வருஷத்துப் பழைய வழக்கு குமரி மாவட்டத்து பேங்க் ஊழியர்களுக்கு எதற்கு என்று கேட்கலாம். சட்டன் பூட்டை நம்பித் தொழில் செய்தவன் இல்லை. கிளை திறக்கும்போது ஊழியர்கள் என்ன செய்வார்கள் என்ற பழக்கத்தை நம்பினான். நாகர்கோவிலிலும் தக்கலையிலும் மார்த்தாண்டத்திலும் அந்தப் பழக்கம் இன்றைக்கும் அப்படியே இருக்கிறது. இங்கே பெட்டகத்தில் இருப்பது பெரும்பாலும் ரொக்கமும் இல்லை, ஊர்ப் பெண்களின் அடகு நகை.

ஆளைப் பற்றி

சட்டன் 1901 ஜூன் 30 அன்று புரூக்ளினில், அயர்லாந்து வழிக் குடும்பத்தில் ஐந்து பிள்ளைகளில் நான்காவதாகப் பிறந்தான். எட்டாம் வகுப்போடு படிப்பு நின்றது. பத்திரிகைகள் அவனுக்கு வைத்த பட்டப்பெயர்களில் ஒன்று 'நடிகன்'. வாழ்நாளில் கொள்ளையடித்த தொகை சுமார் 20 லட்சம் டாலர் என்று மதிப்பிடுகிறார்கள். யாரையும் கொன்றதில்லை. வயது வந்த பிறகான வாழ்க்கையில் பாதிக்கு மேல் சிறையில் கழிந்தது. கணக்குப் போட்டால் லாபமான தொழில் என்று சொல்ல முடியாது.

'ஏன் பேங்கைக் கொள்ளையடிக்கிறாய்' என்று கேட்டதற்கு 'அங்கேதானே பணம் இருக்கிறது' என்று அவன் சொன்னதாக ஒரு வாக்கியம் உலகமெல்லாம் சுற்றுகிறது. தலையைச் சுற்றி மூக்கைத் தொடாமல் வெளிப்படையான காரணத்தை முதலில் சோதித்துப் பார் என்று மருத்துவ மாணவர்களுக்குச் சொல்லிக்கொடுக்கும் விதிக்கே 'சட்டன் விதி' என்று பெயர். ஆனால் அதைத் தான் சொல்லவே இல்லை, ஒரு நிருபர் கட்டிவிட்டது என்று சட்டனே பின்னாளில் எழுதிவிட்டான்.

வேலை செய்த விதம்

அவன் முறைக்கு மூன்று அங்கம். முதலாவது, நோட்டம். குறிவைத்த கிளையின் காலை நேரத்தைப் பல நாள் பார்ப்பான். யார் முதலில் வருகிறார், யாருக்கு யார் கதவு திறக்கிறார், மேலாளர் எத்தனை மணிக்கு வருகிறார், எல்லாம் மனதில் ஏறிவிடும். இரண்டாவது, உடுப்பு. தந்திப் பையன், தபால்காரர், போலீஸ்காரர், பழுதுபார்க்க வந்தவர் என்று வேஷம் மாறும். 1930இல் நியூயார்க் பிராட்வேயில் ஒரு நகைக்கடையைப் பட்டப்பகலில் தந்தி ஊழியர் உடுப்பில் போய்க் கொள்ளையடித்தான். மூன்றாவது, நேரம். வாடிக்கையாளர் யாரும் இல்லாத, கிளை திறப்பதற்குச் சற்று முன்னான நேரம்.

உள்ளே நுழைந்ததும் முதல் ஊழியரை அல்லது காவலாளியை மடக்குவான். அடுத்தடுத்து வருகிறவர்களுக்கு அந்த ஊழியரே வழக்கம்போலக் கதவு திறப்பார். வந்தவர்கள் வரிசையாக நாற்காலியில் உட்கார வைக்கப்படுவார்கள். கடைசியில் மேலாளர் வருவார், பெட்டகம் திறக்கும். கூச்சல், கைகலப்பு, தோட்டா எதுவும் கிடையாது. பேச்சில் மரியாதை வேறு. 1950 மார்ச் 9 அன்று நியூயார்க்கின் சன்னிசைடில் ஒரு பேங்கில் நடந்த கொள்ளை இந்த ரகம்தான். போனது சுமார் 64,000 டாலர்.

இந்த முறை எங்கே தோற்றது என்பதும் பதிவில் இருக்கிறது. 1933 பிப்ரவரியில் ஃபிலடெல்ஃபியாவின் கார்ன் எக்ஸ்சேஞ்ச் பேங்குக்குத் தபால்காரர் உடுப்பில் அதிகாலையில் போனான். தெருவில் போன ஒருவர் 'இதென்ன இந்நேரத்தில்' என்று எட்டிப் பார்த்தார். அவ்வளவுதான், திட்டத்தைக் கைவிட்டு ஓடவேண்டியதாயிற்று. அலாரமோ துப்பாக்கிக் காவலாளியோ செய்யாத வேலையை ஒரு வழிப்போக்கரின் வேடிக்கை பார்க்கும் குணம் செய்தது. 1934 ஜனவரியில் அதே பேங்குக்குக் கூட்டாளிகளோடு திரும்பி வந்தான், இந்தத் தடவை கூரைக் கண்ணாடி வழியாக. மூன்று வாரத்தில் பிடிபட்டு 25 முதல் 50 வருஷம் வரை தண்டனை வாங்கினான்.

வாசல் பலமானால் கள்ளன் கூரையையும் தரையையும் பார்ப்பான் என்பதற்கு நம் பக்கத்து உதாரணம் கேரளத்தின் சேலேம்பிரா. மலப்புறம் மாவட்டத்தின் அந்த ஊரில் 2007 டிசம்பர் 30 அன்று மாடியில் இருந்த கிராமிய பேங்கில் 80 கிலோ தங்கமும் 50 லட்சம் ரூபாயும் போனது. கீழ்த்தளத்து உணவகத்தை வாடகைக்கு எடுத்து, மேல்தளத்தைத் துளைத்து ஏறியிருந்தார்கள். இரண்டு மாதத்துக்குள் போலீஸ் பிடித்து, பெரும்பகுதித் தங்கத்தை மீட்டது. மாடியில் கிளை வைத்திருப்பவர்கள் கீழ்க்கடை கைமாறும்போதும், 'வேலை நடக்கிறது' என்று பல நாள் ஷட்டரை இறக்கிப்போட்டிருக்கும்போதும் ஒரு நடை போய்ப் பார்ப்பது அவசியம்.

காலை ஒன்பதே கால்

மார்த்தாண்டம் பக்கம் மெயின் ரோட்டில் ஒரு கிளை என்று வைத்துக்கொள்வோம். இடவப்பாதி மழை கொட்டுகிறது. பெருக்க வரும் அக்கா ஷட்டரைப் பாதி தூக்கிவிட்டு உள்ளே தண்ணீரைத் தள்ளிக்கொண்டிருக்கிறார். மழைக்கோட்டும் ஹெல்மெட்டுமாக ஒருவர் வருகிறார், கையில் இரண்டு கேன். "எக்கா, யு.பி.எஸ். பேட்டரிக்குத் தண்ணி ஊத்த வந்திருக்கேன், மேனேஜர் சார்ட்ட சொல்லியாச்சு." அக்கா வழிவிடுகிறார். யார்தான் விடமாட்டார்கள்?

இந்த ஒரு காட்சியில் சட்டனின் மூன்று அங்கமும் இருக்கிறது. மழைக்கோட்டும் ஹெல்மெட்டும் உடுப்பு, மேலாளர் பெயரைச் சொன்னது நோட்டத்தின் பலன், ஒன்பதே கால் என்பது நேரம். தடுப்பதற்கு வேண்டிய செய்தியும் அதே காட்சிக்குள் கிடக்கிறது. பல கிளைகளில் இருப்பது சீல் செய்த பேட்டரி. அதற்கு யாரும் தண்ணீர் ஊற்ற மாட்டார்கள். டியூபுலர் பேட்டரிக்குத்தான் காய்ச்சி வடித்த நீர் வேண்டும். தன் கிளையில் எது இருக்கிறது என்று பெருக்கும் அக்காவுக்கும் கடைநிலை ஊழியருக்கும் தெரிந்திருந்தால் அந்தப் பொய் வாசலிலேயே செத்துப்போகும். தீயணைப்புக் கருவி நிரப்புபவர், ஏ.சி. மெக்கானிக், கேமரா சர்வீஸ், கொரியர் என்று வருகிற ஒவ்வொருவருக்கும் இதுபோல ஒரு கேள்வி இருக்கும். எப்படியும் வெளியாள் வேலை எதுவும் கிளை முழுக்கத் திறந்து, ஆட்கள் வந்த பிறகுதான். வருகிறவர் கையில் நீட்டும் செல்லுக்குப் பேசக்கூடாது. கிளையின் பதிவேட்டில் இருக்கும் சர்வீஸ் எண்ணுக்கு நாமே கூப்பிட வேண்டும்.

திறக்கும் முறை இரண்டு ஆள் வேலை. ஒருவர் உள்ளே போவார், மற்றவர் எதிர்ச்சாரியில் டீக்கடை ஓரம் நிற்பார். உள்ளே போனவர் கழிப்பறை, ஆவண அறை, லாக்கர் அறை வாசல், ஜன்னல் கம்பி, மேற்கூரை என்று ஒரு சுற்றுப் பார்க்க மூன்று நான்கு நிமிஷம் போதும். எல்லாம் சரி என்றால் வெளியிலிருந்து தெரிகிற மாதிரி ஓர் அடையாளம் வைப்பார்: திரையை ஒரு பக்கம் தள்ளுவது, காலண்டரைத் திருப்பி மாட்டுவது, ஏதோ ஒன்று. அதை வாரம் ஒருமுறை மாற்ற வேண்டும். ஐந்து நிமிஷத்தில் அடையாளம் தெரியவில்லை என்றால் மற்றவர் உள்ளே போய்ப் பார்க்கக்கூடாது, 112ஐ அழைக்க வேண்டும்.

இதில் வழக்கமாக நடக்கும் தப்பு, அடையாளத்துக்குப் பதில் போன். "வாங்க சார், எல்லாம் சரிதான்" என்று உள்ளே இருப்பவர் சொன்னால் நம்பிவிடுகிறோம். முதுகில் துப்பாக்கி அழுத்தியிருந்தாலும் அதே வாக்கியத்தைத்தான் அவர் சொல்வார். சட்டன் பிடித்துவைத்த காவலாளிகள் வழக்கம்போலக் கதவு திறந்துவிட்டதும் அப்படித்தான்.

பெட்டக அறைக்கு இரண்டு சாவி, இரண்டு பேர் பொறுப்பு என்பது எல்லா பேங்கிலும் உண்டு. தனி ஒருவர் கைவரிசை காட்டாமல் இருக்க அது நல்ல ஏற்பாடு. சட்டன் மாதிரி ஆளுக்கு எதிரே அதற்கு மதிப்பில்லை, ஏனென்றால் இரண்டு சாவியும் தானாக நடந்து உள்ளே வரும்வரை அவன் பொறுமையாகக் காத்திருப்பான். சாவி வைத்திருக்கும் இருவரும் ஒரே பைக்கில் வந்து இறங்கும் கிளைகளில் அந்தக் காத்திருப்பும் மிச்சம். நேரப்பூட்டு இருந்தால் குறித்த நேரத்துக்கு முன் மேலாளரே நினைத்தாலும் திறக்க முடியாது. அந்தப் பூட்டு இருக்கிறது என்று வாசலில் எழுதி ஒட்டுவது இன்னும் நல்லது. அலாரத்தைப் பொறுத்தவரை அது கெடும் விதம் எல்லோருக்கும் தெரிந்ததுதான். சென்சார் மேல் பல்லி ஓடி நடுராத்திரி அலறும், பக்கத்து வீட்டுக்காரர் சண்டைக்கு வருவார், யாரோ ஹூட்டர் வயரைப் பிடுங்கிவிடுவார், அது பிடுங்கியபடியே கிடக்கும். இல்லையென்றால் தானாக போன் போடும் கருவியின் சிம்முக்கு ரீசார்ஜ் முடிந்திருக்கும்.

கேமரா பதிவைப் பற்றியும் ஒன்று. நோட்டம் பார்க்க வந்தவன் முகம் சம்பவத்துக்குப் பல வாரம் முந்தைய பதிவில்தான் இருக்கும். ஹார்ட் டிஸ்க் நிரம்பியதும் பழையதை அழித்து எழுதும்படி விட்டிருந்தால், போலீஸ் கேட்கும்போது கொள்ளை நாளின் முகமூடி மட்டும்தான் கிடைக்கும். லாக்கர் பெட்டக அறைக்குப் போகவர உள்ள வழியின் பதிவைக் குறைந்தது 180 நாள் வைக்க வேண்டும் என்பது ரிசர்வ் பேங்கின் 2021 ஆகஸ்ட் 18 சுற்றறிக்கை. கொள்ளை, திருட்டில் லாக்கர் பொருள் போனால் பேங்கின் பொறுப்பு ஆண்டு வாடகையைப் போல 100 மடங்கு என்று சொன்னதும் அதே சுற்றறிக்கைதான். அடகு நகை இந்தக் கணக்கில் வராது, அது பேங்கின் பிடியில் இருக்கும் பிணை.

சிறைகள்

1932 டிசம்பர் 11 அன்று சிங் சிங் சிறையிலிருந்து, இரண்டு ஏணிகளை ஒன்றாகச் சேர்த்துக் கட்டி மதில் ஏறித் தப்பினான். 1945 ஏப்ரல் 3 அன்று ஃபிலடெல்ஃபியாவின் ஈஸ்டர்ன் ஸ்டேட் சிறையிலிருந்து சுரங்கம் வழியாக வெளியேறிய 12 பேரில் ஒருவன். முப்பது மீட்டர் நீளமுள்ள அந்தச் சுரங்கத்தை முன்னின்று தோண்டியவர் ஒரு கொத்தனார். வெளிச்சத்துக்கும் காற்றுக்கும் ஏற்பாடு செய்திருந்தார்கள். வெளியே வந்த சட்டன் அன்றைக்கே பிடிபட்டான். பலமாதப் பாடு, சில நிமிஷச் சுதந்திரம்.

1947 பிப்ரவரி 10இல் நடந்ததுதான் அவன் கைத்தொழிலுக்குச் சாட்சி. ஹோம்ஸ்பர்க் சிறை, இரவு. சட்டனும் இன்னும் சில கைதிகளும் காவலர் உடுப்பில், இரண்டு ஏணியைத் தூக்கிக்கொண்டு முற்றத்தைக் கடக்கிறார்கள். தேடுவிளக்கு அவர்கள் மேல் விழுகிறது. 'ஒன்றும் பிரச்சினை இல்லை' என்று சட்டன் குரல் கொடுக்கிறான். யாரும் தடுக்கவில்லை. பேங்க் ஊழியர்கள் ஏமாந்த அதே இடத்தில் சிறைக் காவலர்களும் ஏமாந்தார்கள். உடுப்பு சரி, குரல் சரி, பிறகு என்ன?

தலைமறைவும் தையற்காரரும்

அதன் பிறகான ஐந்து வருஷத்தில் ஒரு பகுதியை நியூயார்க்கின் ஸ்டேட்டன் ஐலண்டில் ஒரு முதியோர் காப்பகத்தில் எடுபிடி வேலை செய்து கழித்தான். தரை துடைக்கிற ஆளை யாரும் உற்றுப் பார்ப்பதில்லை என்பது அவனுக்குத் தெரியும். எஃப்.பி.ஐ. அப்போதுதான் தொடங்கியிருந்த 'பத்து முக்கியத் தேடப்படுவோர்' பட்டியலில் 1950 மார்ச் 20 அன்று பதினோராவது ஆளாகச் சேர்க்கப்பட்டான்.

எஃப்.பி.ஐ. செய்த உருப்படியான காரியம், படத்தைக் கொடுத்த இடம். சட்டனுக்கு நல்ல துணிமணியில் பெரிய ஆசை. ஆகவே போலீஸ் ஸ்டேஷன்களோடு தையற்கடைகளுக்கும் படம் போனது. 24 வயது ஆர்னால்ட் ஷூஸ்டர் அப்படி ஒரு கடைக்காரரின் மகன். சட்டன் பிடிபட்ட அன்று சுரங்க ரயிலில் எதிரே இருந்த முகத்தை அடையாளம் கண்டு, இறங்கிப் பின்தொடர்ந்து, சட்டன் பேட்டரி வாங்கும் பெட்ரோல் பங்க் வரை போய், ரோந்துக் காவலர்களிடம் சொன்னார். பிடிக்க முயலவில்லை, பேச்சுக் கொடுக்கவில்லை. அதுவே சரி. தனிமனிதர் கைது செய்ய நம் நாட்டில் இப்போதைய குற்ற நடைமுறைச் சட்டமான பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 40ஆவது பிரிவு இடம் கொடுக்கிறது, ஆறு மணி நேரத்துக்குள் போலீசிடம் ஒப்படைக்க வேண்டும். ஆயுதம் வைத்திருப்பவன் விஷயத்தில் அந்த உரிமையைப் பயன்படுத்தாமல் இருப்பதே புத்தி.

குமரியில் ஒருவனைத் தேடினால் படம் எங்கே போக வேண்டும்? கிழக்கே ஆரல்வாய்மொழி, மேற்கே களியக்காவிளை என்று சோதனைச் சாவடியில் மட்டும் ஒட்டினால் அவன் அந்த வழியாக வரும்வரை காத்திருக்க வேண்டியதுதான். மார்த்தாண்டத்திலிருந்து களியக்காவிளை பத்து கிலோமீட்டர்கூட இல்லை, தாண்டினால் வேறு மாநிலப் போலீஸ். அதனால் ஆளின் பழக்கத்தைப் பார்க்க வேண்டும். போனது தங்கம் என்றால் நகை மதிப்பீட்டாளர்களும் உருக்குப் பட்டறைகளும் முதலில். கன்னியாகுமரி லாட்ஜ் வரவேற்பாளர்கள், வடசேரி பஸ் ஸ்டாண்டு கடைகள், குளச்சல் தேங்காய்ப்பட்டணம் துறைகளில் புது ஆள் சேர்க்கும் படகுக்காரர்கள், ரப்பர் தோட்டத்தில் பால்வெட்டுக்கு ஆள் எடுப்பவர்கள் அடுத்து. நகைக்கு அடையாளமும் கூடவே போக வேண்டும். 2023 ஏப்ரல் 1 முதல் கடையில் விற்கும் ஹால்மார்க் நகையில் எழுத்தும் எண்ணும் கலந்த ஆறு இலக்கத் தனிக் குறியீடு கட்டாயம். அம்மாவின் பழைய நகையில் அது இருக்காது. அடகுச் சீட்டில் 'வளையல் 2, 16 கிராம்' என்று மட்டும் எழுதியிருந்தால் மீட்ட பிறகும் யாருடையது என்று சொல்வது பெரும்பாடு. கல் விழுந்த இடம், பற்றவைத்த தடம், பூட்டின் வகை என்று ஒரு வரி சேர்த்து எழுத அரை நிமிஷம் ஆகும்.

இங்கே என்றால் என்ன வழக்கு?

சன்னிசைடு மாதிரி ஒரு சம்பவம் இங்கே நடந்தால் இப்போதைய தண்டனைச் சட்டமான பாரதிய நியாய சன்ஹிதாவின் 309ஆவது பிரிவில் கொள்ளை வழக்கு, பத்து வருஷம் வரை கடுங்காவல். ஐந்து பேர் அல்லது அதற்கு மேல் சேர்ந்தால்தான் 310, கூட்டுக்கொள்ளை, ஆயுள் வரை போகும். உயிர்க்கொல்லி ஆயுதத்தைப் பயன்படுத்தினால் 311, ஏழு வருஷத்துக்குக் குறையக்கூடாது. ஆள் இல்லாத ராத்திரியில் பூட்டை உடைத்து எடுத்திருந்தால் அது கொள்ளையே இல்லை, திருட்டுக்காக இரவில் வீடு உடைத்த குற்றம், 331இன்படி 14 வருஷம் வரை. பத்திரிகையில் எல்லாமே 'கொள்ளை' என்று வருவதால் புகார் எழுதும்போதும் இந்தக் குழப்பம் வந்துவிடுகிறது.

தலைமறைவானவனுக்கு நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா 84இன் கீழ் பிரகடனம். ஆஜராகக் குறைந்தது 30 நாள் கெடு. அவன் வழக்கமாக வசிக்கும் ஊரில் வாசிக்க வேண்டும், வீட்டிலும் நீதிமன்றத்திலும் ஒட்ட வேண்டும். பத்து வருஷமோ அதற்கு மேலோ தண்டனை உள்ள குற்றம் என்றால் பிரகடனக் குற்றவாளி என்று அறிவிக்கலாம். அவன் வராமலேயே விசாரணை நடத்தவும் இப்போது 356ஆவது பிரிவு வழி விடுகிறது. முப்பது நாள் இடைவெளியில் இரண்டு வாரண்டு, நாளிதழ் அறிவிப்பு, குற்றச்சாட்டு வனைந்து 90 நாள் கழிந்திருப்பது போன்ற நிபந்தனைகள் உண்டு. சட்டன் காலத்தில் இங்கே இது கிடையாது. ஆள் கிடைக்கும்வரை சாட்சிகளின் வாக்குமூலத்தைப் பதிந்துவைப்பதோடு சரி.

பிடிபட்ட பிறகு

சன்னிசைடு வழக்கில் 30 முதல் 120 வருஷம் வரை விதித்தார்கள். ஆனால் உடல்நிலை மோசமாகி 1969 கிறிஸ்துமஸுக்கு முந்தைய நாள் ஆட்டிக்கா சிறையிலிருந்து வெளியே வந்துவிட்டான். 1970இல் கனெக்டிகட்டின் ஒரு பேங்க், வாடிக்கையாளரின் படம் பதித்த கிரெடிட் கார்டுக்கு அவனையே விளம்பரத்தில் நடிக்க வைத்தது. 1980 நவம்பர் 2 அன்று ஃபுளோரிடாவில் இறந்தான்.

ஷூஸ்டரின் கதை வேறு. கைதின் பெருமை முதலில் போலீசுக்கே போனது, பிறகு அவர் பெயரும் படமும் பத்திரிகைகளில் வந்தன. மிரட்டல்கள் வந்தன. ஓரளவு பாதுகாப்புக் கொடுத்துவிட்டுப் போலீஸ் விலக்கிக்கொண்டது. 1952 மார்ச் 8 இரவு, வீட்டுக்குப் பக்கத்தில் சுட்டுக் கொல்லப்பட்டார். மாஃபியா தலைவன் ஆல்பர்ட் அனஸ்டேசியா சொல்லி நடந்தது என்று மாஃபியாவிலிருந்தே சாட்சியாக மாறிய ஜோ வலாச்சி பின்னாளில் சொன்னான், சட்டனோடு அந்தக் கும்பலுக்குச் சம்பந்தம் எதுவும் இல்லை. யாரும் தண்டிக்கப்படவில்லை. அப்பா நகர நிர்வாகத்தின் மேல் வழக்குப் போட்டார். போலீசுக்கு உதவியவரைக் காக்கும் கடமை நகரத்துக்கு உண்டு என்று 1958இல் நியூயார்க் மேல்முறையீட்டு நீதிமன்றம் ஏற்றது.

நம் ஊரில் இந்த வேலையைச் செய்ய மாஃபியா வேண்டாம். துப்புக் கொடுத்த பையன் படத்தை ஊர் வாட்ஸாப் குழுவில் யாராவது போடுவார்கள், மறுநாள் ஜங்ஷனில் 'கொள்ளையனைப் பிடித்த வீரன்' என்று ஃபிளெக்ஸ் நிற்கும். பாசத்தில் செய்வதுதான், ஆனால் கூட்டாளிகள் இன்னும் வெளியே இருப்பார்கள். துப்பை நேரடியாக அதிகாரியிடம் சொல்லிவிட்டு வாயைக் கட்டிக்கொள்வது முதல் படி. மிரட்டல் வந்தால் 2018ஆம் ஆண்டின் சாட்சிப் பாதுகாப்புத் திட்டத்தில் விண்ணப்பிக்கலாம். மாவட்ட அமர்வு நீதிபதி தலைமையிலான குழு அதைப் பார்க்கும், அரசுத் தரப்பு வழக்கறிஞர் பிரிவின் மாவட்டத் தலைவரே உறுப்பினர் செயலர். உயிருக்கு ஆபத்து என்றால் 'ஏ' பிரிவு. ஆபத்து எவ்வளவு என்ற அறிக்கையை டி.எஸ்.பி. ஐந்து வேலை நாளுக்குள் தர வேண்டும். பாதுகாப்பு உத்தரவு ஒரு தடவைக்கு மூன்று மாதம், பிறகு நீட்டிக்கக் கேட்கலாம். விண்ணப்பத்தோடு மிரட்டல் அழைப்பு வந்த எண், தேதி, நேரம், தெருவில் நின்ற வண்டியின் எண் எல்லாம் எழுதிக் கொடுத்தால் அந்த ஐந்து நாள் வீணாகாது. சட்டன் பிடிபட்ட நாளிலிருந்து ஷூஸ்டருக்குக் கிடைத்தது 19 நாள்.